வர்ணனையே இல்லாமல் தோட்டத்தைப் படம் எடுக்க முடியுமா?

பட்டர்வொர்த் தம்பி:
பிரெடரிக் வைஸ்மன் 2018இல் எடுத்த ‘மன்ரோவியா, இந்தியானா’ ஆவணப்படத்தை நேற்றிரவு பார்த்தேன். அமெரிக்க விவசாய ஊர், 143 நிமிடம். பேட்டி இல்லை, பின்னணிக் குரல் இல்லை. சோளம், பன்றி, முடிவெட்டும் கடை, ஊர்க்கூட்டம், கடைசியில் ஒரு நல்லடக்கம். அவ்வளவுதான். மலேசியாவில் நம் ரப்பர் தோட்ட வாழ்க்கையையும் யாராவது இப்படி எடுத்திருக்க வேண்டும். நம்மவர்கள் எடுத்தால் முதல் காட்சியிலேயே வயலின் அழும்.

லயத்துக்காரன்:
வயலின் எனக்கும் ஆகாது. ஆனால் 2016இல் டிரம்புக்கு ஓட்டை அள்ளிக் கொடுத்த வட்டாரம் அது. படத்தில் அந்தப் பேச்சே எழவில்லை, கவனித்தீர்களா? தோட்டத் துண்டாடலை இந்தப் பாணியில் எப்படிக் காட்டுவீர்கள்? வெள்ளைக்காரக் கம்பெனி விற்றதும், வாங்கியவன் கூறு போட்டதும், தோட்டங்களைத் தொழிலாளிகளே சேர்ந்து வாங்க 1960இல் அமைச்சர் வீ.தி. சம்பந்தன் கூட்டுறவுச் சங்கம் தொடங்கி மாதம் பத்து வெள்ளி சேர்க்கச் சொன்னதும் பால்மரத்தடியிலா நடந்தது?

நிபோங் திபால் அக்கா:
என் அம்மா பால் வெட்டியவர். விடியற்காலையில் மழை பெய்தால் நாங்கள் இருந்த லயத்து வரிசை வீட்டுக்கு எதிரே இருந்த மரத்தின் பட்டையைத் தடவிப் பார்ப்பார். ஈரமாக இருந்தால் பால் வெட்டிய கோட்டில் ஓடாமல் பட்டையெல்லாம் வழிந்துவிடும், மரத்தில் கட்டிய மங்கில் சேராது. அன்று வெட்டு இல்லை. வெட்டு இல்லை என்றால் சம்பளமும் இல்லை. கத்தியைச் சுவரில் செருகிவிட்டு, சோற்றுப் பானையில் இன்னும் இரண்டு குவளை தண்ணீர் ஊற்றுவார். அதைக் காட்டினால் போதும், குரல் எதற்கு?

லயத்துக்காரன்:
அக்கா, நீங்கள் இவ்வளவு சொன்னதால்தான் அந்தத் தண்ணீர் எனக்கு வலிக்கிறது! கோலாலம்பூரில் பிறந்த என் மகள் பார்த்தால், பாட்டி கஞ்சி காய்ச்சுகிறார் என்று நினைப்பாள். மங்கு என்றால் அவளுக்குச் சாப்பிடும் மங்குதான்.

நிபோங் திபால் அக்கா:
சரி, மாட்டிக்கொண்டேன்.

பட்டர்வொர்த் தம்பி:
மழைக்கும் சம்பளத்துக்கும் திரையில் இரண்டு வரி எழுத்து போடலாம் அண்ணே, அதற்கு மேல் விட மாட்டேன். இப்போது எங்கே போய் எடுப்பது என்பதுதான் சிக்கல். போன மாதம் தாத்தா வேலை செய்த தோட்டத்துக்குப் போனேன். ரப்பர் போய், முழுக்கப் பாமாயில் எடுக்கும் செம்பனை. லயம் அப்படியே இருக்கிறது, கொடியில் வங்காளதேசத் தொழிலாளிகளின் லுங்கி காய்கிறது. கோயில் கதவில் பூட்டு.

லயத்துக்காரன்:
அப்போது அவர்களைத்தான் எடுக்க வேண்டும்.

பட்டர்வொர்த் தம்பி:
அவர்கள் பேசுவது எனக்கு ஒன்றும் புரியாதே?

நிபோங் திபால் அக்கா:
யாரும் விளக்க வேண்டாம், பார்த்தாலே போதும் என்று ஆரம்பித்தது நீதானே தம்பி?