கராஃப்ல கான்ஃபிக் குடுக்க ப்ளூபிரின்ட்டா, டிஎஸ்ஸா (டிக்ளரேட்டிவ் சர்வீசஸ்)?

கராஃப்_புதுசு:
வணக்கம் மக்களே, கராஃப் (ஜாவா மாட்யூல்களை ஓட்டுற சர்வர்) மேல ஓடுற பழைய ப்ராஜெக்ட் ஒண்ணு என் தலைல விழுந்துருக்கு, நாப்பது பண்டில் (மாட்யூல்), எல்லாமே ப்ளூபிரின்ட், அதாவது ஆப்ஜெக்ட்களைக் கோர்க்கிறத எக்ஸ்எம்எல்ல எழுதுற முறை. இப்ப புதுசா ஒரு எஸ்எஃப்டிபி (ஃபைல் அனுப்புற) மாட்யூல் எழுதணும், கிளைக்குக் கிளை ஹோஸ்ட், போர்ட், பாஸ்வேர்ட் எல்லாம் வேற, இன்னைக்கு ஆறு கிளை, நாளைக்கு பத்தாகும். டீம்ல ஒருத்தர் கிளாஸ்லயே அனோட்டேஷன் போட்டு கம்போனென்ட் எழுதுற டிக்ளரேட்டிவ் சர்வீசஸ்ங்கிறார், இன்னொருத்தர் ப்ளூபிரின்ட்லயே போங்கிறார், மூணாவது ஆளு மேனேஜ்ட்சர்வீஸை (கான்ஃபிக் மாறினா சொல்ற இன்டர்ஃபேஸ்) நேரா இம்ப்ளிமென்ட் பண்ணுங்கிறார். ஒரு கிளை பாஸ்வேர்ட மாத்தினா மத்த கிளை அசையக்கூடாது, எனக்கு அதான் முக்கியம்.

பண்டில்_பாண்டி:
டிஎஸ் தான் ப்ரோ. உங்களுக்கு வேண்டியது ஃபேக்டரி கான்ஃபிக், அதாவது ஒரே கம்போனென்ட்டுக்குப் பல கான்ஃபிக். கம்போனென்ட்ல கான்ஃபிகரேஷன் பாலிசிய ரிக்கொயர்னு (கான்ஃபிக் வந்தா தான் எந்திரிக்கும்) வச்சிட்டு, இடிசி ஃபோல்டர்ல பிஐடி (கான்ஃபிக்கோட அடையாளப் பேரு), ஒரு ஹைஃபன், கிளைப் பேருன்னு சிஎஃப்ஜி ஃபைல் போடுங்க, ஃபைல் இன்ஸ்டால்ங்கிற பண்டில் அதை எடுத்து கான்ஃபிக் அட்மின்ல (கான்ஃபிக்கை வச்சிருக்கிற சர்வீஸ்) ஏத்திரும், ஃபைலுக்கு ஒரு இன்ஸ்டன்ஸ் தானா எந்திரிக்கும், அழிச்சா அது மட்டும் போயிரும். செட்டிங்க்ஸை ஒரு அனோட்டேஷன் டைப்பா எழுதி ஆக்டிவேட் மெத்தடுக்குக் குடுத்தா போர்ட் இன்ட்டாவே வரும், மேப்ல இருந்து காஸ்ட் பண்ற கூத்தெல்லாம் இல்ல (டிஎஸ் 1.3 வேணும்). மாடிஃபைட் மெத்தட் எழுதலேன்னா பாஸ்வேர்ட் மாறினதும் அந்த ஒரு இன்ஸ்டன்ஸ் மட்டும் விழுந்து எந்திரிக்கும், எழுதினா அதுவும் கிடையாது.

மேனேஜ்ட்சர்வீஸ் பக்கம் போகாதீங்க, அப்டேட்டட் மெத்தடை வேற த்ரெட்ல கூப்பிடும், கான்ஃபிக் இல்லேன்னா null குடுக்கும், நான் அதுல ரெண்டு நாள் தூங்கல.

பழைய_கொல்லன்:
ப்ளூபிரின்ட்ட யாரும் திட்டல, சந்தோஷம். 😀 கேமல் (சிஸ்டங்களை இணைக்கிற லைப்ரரி) ரூட் எழுதுறதுக்கு எனக்கு இன்னமும் அதான் சுகம், ஸ்ப்ரிங் பழகின கைக்கு உடனே வரும். ஆனா இந்த கேஸுக்கு நானும் டிஎஸ்னு தான் சொல்வேன் தம்பி. ப்ளூபிரின்ட்ல ப்ளேஸ்ஹோல்டருக்கு (கான்ஃபிக் மதிப்பு வந்து உக்கார்ற இடம்) ரீலோடுன்னு குடுத்தா ஒரு வரி மாறினாலும் அந்த பண்டிலோட கன்டெய்னர் மொத்தமும் திரும்ப கட்டப்படும், நீங்க வேணாம்னு சொன்னதே அதான். இன்னொண்ணு, ரெஃபரன்ஸ் பண்ற சர்வீஸ் காணாம போனா டிஎஸ் கம்போனென்ட்டையே இறக்கிரும், ப்ளூபிரின்ட் ப்ராக்ஸிய (சர்வீஸுக்குப் பதிலா நிக்கிற ஆப்ஜெக்ட்) வச்சிக்கிட்டு கூப்பிட்டவனை டீஃபால்ட்டா 5 நிமிஷம் நிக்க வைக்கும், ராத்திரி பேட்ச் தொங்கி நிக்கிறப்ப தான் அந்த 5 நிமிஷத்தோட அருமை தெரியும். பழைய நாப்பதையும் தொடாதீங்க, ரெண்டும் சர்வீஸ் ரெஜிஸ்ட்ரி (எல்லா சர்வீஸும் பதிவாகுற பொதுப் பட்டியல்) வழியா தான பேசுது, ஒண்ணா ஓடும்.

கராஃப்_புதுசு:
நன்றிண்ணே. டிஎஸ்ல எழுதிட்டேன், ஆனா ஒரு இன்ஸ்டன்ஸும் வரல, லாக்ல எரரும் இல்ல. பிஐடி எஸ்எஃப்டிபி-கிளைன்னு வச்சேன், ஃபைல் பேரு எஸ்எஃப்டிபி-கிளை-ஒண்ணு.

பண்டில்_பாண்டி:
பிஐடிலயே ஹைஃபன் வச்சா எப்படி ப்ரோ 😄 ஃபைல் இன்ஸ்டால் முதல் ஹைஃபன்லயே வெட்டிரும், அதுக்கு ஃபேக்டரி பேரு வெறும் எஸ்எஃப்டிபி. உங்க கம்போனென்ட் வராத கான்ஃபிக்குக்காக காத்துட்டு இருக்கு, காத்திருக்கிறது தப்பு இல்லேல்ல, அதான் எரர் இல்ல. பிஐடில புள்ளி வச்சிக்கங்க.

கராஃப்_புதுசு:
ஆறும் எந்திரிச்சிருச்சு!