விழிப்பூக்கியா, விழிப்புத்துணையா?

காரைக்குடியிலிருந்து, மருந்தாளுநர்:

வணக்கம். மருந்துக்கடை ஊழியர்களுக்கான கையேட்டைத் தமிழாக்கும்போது ஒரு சொல்லில் இடறி நிற்கிறோம். தூக்கம் மிகும் நோயாளி விழித்திருக்க உதவும் மருந்துகளான மொடாஃபினில், ஆர்மொடாஃபினில், பிட்டோலிசன்ட், சோல்ரியாம்ஃபெட்டால் நான்கையும் ஒரே தலைப்பில் சொல்ல ஒரு பெயர் வேண்டும். வரைவில் 'விழிப்பூக்கி' என்று இருக்கிறது. எனக்கு அதில் மனம் ஒப்பவில்லை.

ஊக்கி என்றால் வேதியியல் படித்தவருக்கு வினையூக்கி, விளையாட்டுப் பக்கம் படிப்பவருக்கு ஊக்கமருந்து. கடையில் நிற்கும் பையனுக்கோ ஆம்ஃபெட்டமின் வகை, அதாவது போதைக்கும் பயன்படும் நரம்புத்தூண்டி மருந்துகள். இந்த மூன்றாவதுதான் எனக்குக் கவலை. பெயர் ஒன்றானால் அலமாரியும் ஒன்றாகிவிடும்.

அத்தகைய தூண்டி மருந்தான மெத்தில்ஃபெனிடேட் எக்ஸ் அட்டவணையில், அதாவது நம் மருந்து விதிகளின் கடும் கட்டுப்பாட்டுப் பட்டியலில் உள்ளது. அதை விற்க 20-எஃப் படிவத்தில் தனி உரிமம் வேண்டும். மருத்துவர் சீட்டு இரண்டு படிகளாக வரவேண்டும். ஒரு படி 2 ஆண்டுகள் கடையிலேயே இருக்கவேண்டும். சரக்கைப் பூட்டி வைக்கவேண்டும். 1985ஆம் ஆண்டுப் போதைப்பொருள் சட்டத்தின் பட்டியலிலும் அது உண்டு. மொடாஃபினில் எக்ஸ் அட்டவணையில் இல்லை. ஆனால் சீட்டில்லாமல் கொடுக்கவும் கூடாது. இரண்டுக்கும் 'ஊக்கி' என்று பெயரிட்டால், ஒருவர் மொடாஃபினிலையும் எக்ஸ் மருந்தாக நினைத்து முறையான சீட்டோடு வந்தவரைத் திருப்பி அனுப்புவார். இன்னொருவர் மெத்தில்ஃபெனிடேட்டை ஒற்றைச் சீட்டுக்குக் கொடுத்துவிட்டு ஆய்வாளர் முன் நிற்பார்.

தேவகோட்டையிலிருந்து, மருத்துவர்:

அண்ணே சொல்வது சரி. அமெரிக்காவிலும் இந்தப் பிரிவு தெளிவாக இருக்கிறது. மெத்தில்ஃபெனிடேட் அங்கே இரண்டாம் அட்டவணை. ஒரு சீட்டுக்கு ஒருமுறைதான். 1998 டிசம்பரில் ஒப்புதல் பெற்ற மொடாஃபினில் நான்காம் அட்டவணை. 6 மாதத்துக்குள் 5 முறை வரை திரும்ப வாங்கலாம். பிட்டோலிசன்ட் எந்த அட்டவணையிலும் இல்லை. பிரிட்டனில் மொடாஃபினிலுக்குச் சீட்டு வேண்டும், ஆனால் அது கட்டுப்பாட்டுப் பொருள் அல்ல. ஆக, நான்கையும் சேர்த்துச் சொல்லும் பெயர் சட்ட வகையைக் குறிக்கக்கூடாது. மருந்து உடலில் செய்யும் வேலையை மட்டும் சொன்னால் போதும்.

முன்பு ஒருவர் 'துயில்நீக்கி' என்றார். தயவுசெய்து அது வேண்டாம். இந்த மருந்து தூக்கத்தின் தேவையை நீக்குவதில்லை; விட்டுப்போன தூக்கத்தை ஈடுகட்டுவதும் இல்லை. உறக்கத்தில் மூச்சுத் தடைப்படும் நோயாளிக்கு மூக்கில் காற்றழுத்தக் கருவி மாட்டுவதுதான் மருத்துவம். அதற்குப் பிறகும் பகலில் கண் செருகினால்தான் மாத்திரை. 'நீக்கி' என்று படித்தவர் கருவியைக் கழற்றி வைத்துவிட்டு மாத்திரையை மட்டும் விழுங்குவார்.

அளவும் நேரமும் பெயருக்குப் பக்கத்திலேயே வரட்டும். மொடாஃபினில் என்றால், பகலில் அடக்கமுடியாமல் தூக்கம் வரும் நார்கோலெப்சி நோய்க்கு வழக்கமாக 200 மி.கி., காலையில் ஒரு வேளை. இரவு ஷிப்ட் காரணமாகத் தூக்கம் கெட்டவருக்கு வேலைக்கு ஏறத்தாழ ஒரு மணி நேரம் முன்பு. மருந்து உடலில் பாதியாகக் குறையவே சுமார் 15 மணி நேரம் பிடிக்கும். மதியத்துக்கு மேல் போட்டால் அன்றிரவுத் தூக்கம் கெடும். கருத்தடை மாத்திரையின் வீரியத்தையும் இது குறைத்துவிடும். மருந்தை நிறுத்திய பிறகும் ஒரு மாதம் வரை வேறு கருத்தடை முறை வேண்டும் என்பதைக் கடையில் யாரும் சொல்வதில்லை. தோலில் தடிப்பு கண்டால் மாத்திரையை உடனே நிறுத்திவிட்டு மருத்துவரிடம் வரவேண்டும்.

பள்ளத்தூரிலிருந்து, தமிழாசிரியை:

வேறு சிலர் முன்மொழிந்த சொற்களையும் வாய்விட்டுப் படித்துப் பார்த்தேன். 'விழிப்பூட்டி' இலக்கணப்படி சரி. ஆனால் விழிப்புணர்வு ஊட்டுவது என்ற பொருள் மக்கள் நாவில் ஊறிவிட்டது. 'விழிப்புநிறுத்தி' என்பதில் நிறுத்துதல் நிலைபெறச் செய்தலா, ஓயச் செய்தலா? மருந்துறையில் இரு பொருள் தரும் சொல் கூடவே கூடாது. 'விழிப்புக்காப்பி'யை யாரும் மருந்தாக எண்ணமாட்டார்கள், காப்பித்தூள் என்றே படிப்பார்கள்.

டாக்டர் சொன்ன காற்றழுத்தக் கருவியிலிருந்துதான் எனக்குச் சொல் கிடைத்தது: 'விழிப்புத்துணை மருந்து'. முதன்மை மருத்துவம் வேறு, இது அதற்குத் துணை. துணை என்ற சொல்லில் மிகைப்பேச்சு இல்லை.

காரைக்குடி மருந்தாளுநர்:

ஆச்சி, சொல் நன்றாக இருக்கிறது. ஒரு தடை: சித்த மருத்துவத்தில் 'துணைமருந்து' என்பது தேன், நெய் போலக் கூடச் சேர்த்துக் கொடுப்பது. 'விழிப்புத் துணைமருந்து' என்று பிரித்து அச்சிட்டால் பொருள் கெடும்.

தமிழாசிரியை:

'விழிப்புத்துணை' சேர்ந்தே வரவேண்டும், 'மருந்து' தனியே. அச்சகத்தில் வரி மடியும் இடத்திலும் இதைக் கவனிக்கச் சொல்லுங்கள்.

மருத்துவர்:

ஏற்கிறேன். விளையாட்டுத் துறையில் மொடாஃபினில் தடைப்பட்டியலில் இருக்கிறது. அங்கே 'ஊக்கமருந்து' என்றே இருக்கட்டும். அது பயன்பாட்டின் பெயர், மருந்தின் பெயர் அல்ல.

மருந்தாளுநர்:

இன்னொரு சொல்லும் மீதி இருக்கிறது. தூக்கம் தரும் சோல்பிடெம், எச்-1 அட்டவணை என்ற இன்னொரு கட்டுப்பாட்டுப் பட்டியலில் உள்ளது. அதை விற்கும் அந்த நேரத்திலேயே தனிப் பதிவேட்டில் மருத்துவரின் பெயர், முகவரி, நோயாளியின் பெயர், மருந்து, கொடுத்த அளவு ஐந்தையும் எழுதி 3 ஆண்டுகள் வைத்திருக்கவேண்டும். வரைவில் இதைப் 'பேரேடு' என்று எழுதியிருக்கிறார்கள். கணக்கு எழுதிப் பழகிய நம் ஊரில் இது தவறாகப் படும். பேரேடு ஆள்வாரியாக, பின்னர் பெயர்த்து எழுதுவது. விற்கிற கையோடு நாள்வரிசையில் எழுதுவது சிட்டை. 'பேரேடு' என்றால் ஊழியர் இரவில் கடை சாத்தியபின் மொத்தமாக நிரப்பலாம் என்று எண்ணுவார். அப்படி நிரப்பும்போதுதான் அளவும் பெயரும் மாறுகின்றன. 'எச்-1 சிட்டை' என்று வைக்கலாமா?

தமிழாசிரியை:

சிட்டை என்றால் வெளியூரில் துண்டுச்சீட்டு என்றும் கொள்வார்கள், மருந்துச்சீட்டோடு குழம்பும். 'உடன்பதிவேடு' என்று போட்டு, முதல்முறை வரும் இடத்தில் 'அதாவது சிட்டை' என்று ஒரு சொல் சேருங்கள்.

மருந்தாளுநர்:

அப்படியே செய்கிறேன். கையேட்டு வரி இப்படி: 'விழிப்புத்துணை மருந்து: பகல் தூக்கம் மிகும் நோய்களில் விழித்திருக்க உதவும் மருந்து. மருத்துவர் சீட்டோடு மட்டும் வழங்குக. திரும்ப வழங்கலாம் என்று மருத்துவர் எழுதியிருந்தால் அன்றி, ஒரு சீட்டுக்கு ஒருமுறையே. கொடுத்த நாளையும் கடையின் பெயர், முகவரியையும் சீட்டில் மருத்துவர் கையெழுத்துக்கு மேலே குறிக்க.'

மருத்துவர்:

'பகல் தூக்கம்' வேண்டாம், 'விழித்திருக்க வேண்டிய நேரத்தில் தூக்கம்' என்று மாற்றுங்கள். ஷிப்ட் ஆட்களுக்கு அந்த நேரம் இரவு.