நிறுத்து, நிறுத்தல், நிறுத்தப்பட்டது: எடைக் கருவியின் திரையில் ஒரு சொல் படுத்தும் பாடு

திரைச்சொல் (கேட்டவர்)

வணக்கம். மின்னணு எடைக் கருவி ஒன்றின் தொடுதிரைக்குத் தமிழில் வாசகங்கள் எழுதித் தருவதாக ஒப்புக்கொண்டேன். இரண்டு நாள் வேலை என்று நினைத்தேன். இப்போது மூன்றாவது வாரம் ஓடுகிறது. சிக்கல் முழுவதும் ஒரே சொல்லைச் சுற்றித்தான்.

திரையின் அடியில் இரண்டு பொத்தான்கள் ஒட்டி ஒட்டி இருக்கின்றன. எடை பார்ப்பதற்கான பச்சைப் பொத்தானில் ‘நிறுத்தல்’ என்று எழுதினேன். பள்ளியில் நிறுத்தல் அளவை, முகத்தல் அளவை என்று படித்த நினைவில் வைத்த பெயர் அது. ஓடிக்கொண்டிருக்கும் வேலையை அப்படியே விட்டுவிடுவதற்கான சிவப்புப் பொத்தானில் ‘நிறுத்து’ என்று எழுதினேன். எடை கண்டு முடிந்ததும் ‘பொருள் நிறுத்தப்பட்டது’ என்று ஒரு செய்தி வரும்.

வெள்ளோட்டத்தின்போது கருவியைக் கையாண்டவர் மூட்டையைத் தட்டில் ஏற்றினார். அவர் விரல் பச்சைக்கும் சிவப்புக்கும் நடுவில் அந்தரத்தில் நின்றது. பிறகு சிவப்பை அழுத்தினார். எண்கள் மறைந்தன. “நிறுத்து என்று போட்டிருக்கிறதே, நிறுத்துக் காட்டும் என்று நினைத்தேன்” என்றார். அடுத்த முறை பச்சை. 12.450 கிலோ என்று சரியாகவே காட்டியது. ஆனால் கீழே ‘பொருள் நிறுத்தப்பட்டது’ என்று வந்ததும், “ஏன் நின்றுவிட்டது?” என்று கருவியின் பக்கவாட்டில் தட்ட ஆரம்பித்துவிட்டார்.

கையேட்டில் இன்னும் மோசம். நான் எழுதிய வரியை அப்படியே தருகிறேன்: ‘கருவியைச் சமதளத்தில் நிறுத்தவும். பொருளை நிறுத்த பின் கருவியை நிறுத்தவும்.’ படித்துக்காட்டியபோது அறையில் இருந்த எல்லோரும் சிரித்தார்கள். நான் மட்டும் சிரிக்கவில்லை.

இது இலக்கணப் பிழையா, அல்லது சொல்லின் இயல்பே இப்படியா? எதை மாற்றினால் தீரும்?

கோடைமழை

‘நிறுத்து’ என்பதை ‘நிறுத்துக’ என்று மாற்றிப் பாருங்கள். கொஞ்சம் கௌரவமாகவும் இருக்கும்.

திரைச்சொல்

மாற்றிப் பார்த்தேன் நண்பரே. இப்போது மரியாதையாகக் குழப்புகிறது.

ஓய்வுபெற்ற தமிழாசிரியை

தம்பி, உங்கள் திரையில் இருப்பது ஒரு சொல் இல்லை, இரண்டு வினைகள். ஒன்றன் சட்டையை மற்றொன்று மாட்டிக்கொண்டு திரிகிறது. பிரித்துக் காட்டுகிறேன்.

முதல் வினையின் பகுதி ‘நிறு’. எடை காண்பது என்று பொருள். நிறுக்கிறான், நிறுத்தான், நிறுப்பான் என்று நடக்கும். இரண்டாவதன் பகுதி ‘நிறுத்து’. நில் என்பதன் பிறவினை, அதாவது நிற்கச் செய்வது. நிறுத்துகிறான், நிறுத்தினான், நிறுத்துவான் என்று நடக்கும். நிகழ்காலத்தில் வைத்துப் பார்த்தால் இரண்டும் தனித்தனி முகத்தோடுதான் இருக்கின்றன. யாரும் மயங்க மாட்டார்கள்.

மயக்கம் எங்கே வருகிறது? ‘நிறு’ இறந்தகாலத்துக்குப் போகும்போது. ‘நிறுத்து’ என்பது எடை பார்ப்பதில் வினையெச்சம்: அரிசியை நிறுத்துக் கொடுத்தான். நிற்கச் செய்வதில் அதே வடிவம் ஏவல்: வண்டியை நிறுத்து. உங்கள் ஆள் சிவப்பை அழுத்தியதில் தவறே இல்லை. அவர் கையில் மூட்டை இருந்தது. மூட்டையை வைத்துக்கொண்டு நிற்பவருக்கு எந்தப் பொருள் முதலில் தோன்றும்?

‘நிறுத்தல்’ இன்னும் வம்பு. நிறு என்பதோடு தொழிற்பெயர் விகுதி சேர்ந்தாலும் நிறுத்தல்தான், நிறுத்து என்பதோடு சேர்ந்தாலும் நிறுத்தல்தான். நிறுத்தல் அளவையில் இருப்பது முதலாவது. நிறுத்தற்குறியில் இருப்பது இரண்டாவது. பக்கத்தில் அளவையோ குறியோ துணைக்கு இருக்கும்வரை கவலை இல்லை. பொத்தானில் அந்தச் சொல் தனியாக நிற்கிறது, துணைக்கு ஆளில்லை.

‘பொருள் நிறுத்தப்பட்டது’ மட்டும் தெளிவான பிழை. இங்கே மயக்கத்துக்கே இடமில்லை. எடை கண்டாகிவிட்டது என்றால் ‘நிறுக்கப்பட்டது’ என்றுதான் வரும். ‘பட்டது’ என்பதற்கு முன்னால் செய என்னும் வாய்பாட்டு எச்சம் வரவேண்டும். நிறு என்பதற்கு அது நிறுக்க, நிறுத்து என்பதற்கு நிறுத்த. கருவியைத் தட்டிய மனிதருக்கு என் சார்பில் வணக்கம் சொல்லுங்கள். உங்களைவிட அவருக்குத் தமிழ் நன்றாகத் தெரிகிறது.

கோடைமழை சொன்ன ‘நிறுத்துக’ நிற்கச் செய்வதன் வியங்கோள். எடை பார்க்கச் சொல்வதற்கு வியங்கோள் ‘நிறுக்க’. அதனால் உங்கள் பச்சைப் பொத்தானுக்கு அது உதவாது.

சந்தேகம் வந்தால் எதிர்மறையில் போட்டுப் பாருங்கள். நிறுக்காதே என்றால் எடை. நிறுத்தாதே என்றால் நிறுத்தம். வகுப்பில் இதைத்தான் சொல்லிக்கொடுப்பேன். பிள்ளைகள் ஒரு நிமிடத்தில் பிடித்துக்கொள்வார்கள்.

திரைச்சொல்

அம்மா, அடி சரியான இடத்தில் விழுந்தது. ஏற்றுக்கொள்கிறேன். ஆனால் ‘நிறுக்கப்பட்டது’ என்று திருத்தி அனுப்பியதும், சரிபார்ப்பவர் அதை எழுத்துப் பிழை என்று வட்டமிட்டு, பக்கத்தில் ‘நிறுத்தப்பட்டது’ என்று எழுதித் திருப்பி அனுப்பிவிட்டார்! சரியானதைப் பிழை என்று நினைக்கும் நிலையில் என்ன செய்வது?

ஓய்வுபெற்ற தமிழாசிரியை

அவரோடு சண்டை போடாதீர்கள். அந்த இடத்தில் வினையையே கைவிட்டுவிடுங்கள். ‘எடை: 12.450 கிலோ’ என்று வந்தாலே வேலை முடிந்ததென்று தெரியாதா? எண் வந்த பிறகு, எண் வந்துவிட்டது என்று எதற்குச் சொல்ல வேண்டும்?

ஒற்றுப்பிழை

ஆசிரியை அம்மா விட்ட ஒன்றைச் சேர்க்கிறேன். எழுத்தில் இந்த இரண்டையும் பிரித்துக் காட்டும் ஒரு கருவி ஏற்கெனவே இருக்கிறது: வல்லின ஒற்று.

‘நிறுத்த பழம்’ என்றால் எடை பார்த்த பழம். பெயரெச்சம், ஒற்று மிகாது. ‘நிறுத்தப் பார்த்தான்’ என்றால் தடுத்து நிற்கவைக்க முயன்றான். செய என்னும் எச்சம், ஒற்று மிகும். ‘நிறுத்துப் பார்த்தான்’ என்றால் எவ்வளவு இருக்கிறது என்று எடை பார்த்தான். ‘நிறுத்திப் பார்த்தான்’ என்றால் ஓடுவதை நிற்கவைத்துப் பார்த்தான். ஓர் இகரமும் ஓர் உகரமும்தான் வித்தியாசம். அர்த்தம் எங்கேயோ போய்விடுகிறது.

உங்கள் கையேட்டு வரியில் ‘நிறுத்த பின்’ என்பது இலக்கணப்படி சரி. எடை கண்ட பின் என்றுதான் பொருள். அணைத்த பின் என்று சொல்ல நினைத்திருந்தால் ‘நிறுத்திய பின்’ என்று வந்திருக்க வேண்டும். ஆனால் ஒற்றைப் பார்த்துப் பொருள் பிரிப்பவர் எத்தனை பேர்? கருவியின் முன்னால் நின்றுகொண்டு யாரும் புணர்ச்சி விதியைப் புரட்ட மாட்டார்கள்.

கடல்கடந்தவன்

இலங்கைத் தமிழ் வாசகர்களுக்கும் இந்தக் கருவி போகுமா? போகும் என்றால் ஒரு எச்சரிக்கை. யாராவது இங்கே ‘நிறை காண்க’ என்று ஆலோசனை சொல்வதற்கு முன் சொல்லிவிடுகிறேன். தமிழ்நாட்டு அறிவியல் பாடநூலில் நிறை வேறு, எடை வேறு. எங்கள் பாடநூலில் அவர்கள் நிறை என்பதைத் திணிவு என்போம். அவர்கள் எடை என்பதை நிறை என்போம். அந்தச் சொல்லைத் தொட்டால் இந்த இழை இன்னும் மூன்று வாரம் ஓடும்.

நிறுத்தம் என்பதிலும் எங்களுக்குக் கொஞ்சம் வசதி உண்டு. பஸ் நிற்கும் இடம் எங்களுக்குத் தரிப்பிடம். வாகனம் விடும் இடம் வாகனத் தரிப்பிடம். அதனால் நிறுத்தம் என்ற சொல்லின் தோளில் அவ்வளவு சுமை இல்லை.

இரவுப்பணி உதவி ஆசிரியர்

அந்தச் சுமை என்னவென்று எங்களைப் போலத் தலைப்பு எழுதுகிறவர்களைக் கேளுங்கள். ‘பேருந்து நிறுத்தம்: பயணிகள் அவதி’ என்று ஒருமுறை எழுதினேன். சேவையை நிறுத்திவிட்டார்கள் என்பது செய்தி. நிழற்குடை இல்லாத நிறுத்தத்தைப் பற்றிய செய்தி என்று நினைத்துப் படித்தவர்கள் ஏராளம். நிறுத்தம் என்பது செயலும்தான், இடமும்தான். போர் நிறுத்தம், வேலைநிறுத்தம் என்பவை செயல். பேருந்து நிறுத்தம் இடம்.

வேட்பாளர் விவகாரம் அதைவிட வேடிக்கை. ‘கட்சி வேட்பாளரை நிறுத்தியது’ என்றால் போட்டியிட வைத்தது. ‘போட்டியிடவிடாமல் நிறுத்தியது’ என்றால் நேர் எதிர். வினை ஒன்றே. இது ‘நிறு’ செய்யும் குழப்பம் இல்லை. ‘நிறுத்து’ என்பதற்கு உள்ளேயே இருப்பது. நிற்கச் செய்வதுதான் மூலப்பொருள். ஓடுவதை நிற்கச் செய்தால் ஓட்டம் முடிகிறது. கிடப்பதை நிற்கச் செய்தால் எழுகிறது. கம்பத்தை நிறுத்தினார்கள், குற்றம் சாட்டப்பட்டவரை நீதிபதி முன் நிறுத்தினார்கள், புகழை நிலைநிறுத்தினார்கள். இவற்றில் எதுவும் முடியவில்லை, எல்லாம் தொடங்குகிறது.

ஆகவே உங்கள் ‘சமதளத்தில் நிறுத்தவும்’ பிழை இல்லை. ஆனால் அடுத்த வரியில் ‘கருவியை நிறுத்தவும்’ என்று வருவதால் சிரிப்பாகிவிட்டது. முதலாவதை ‘வைக்கவும்’ என்று மாற்றுங்கள். மூன்றாவதை ‘அணைக்கவும்’ என்று மாற்றுங்கள்.

திரைச்சொல்

ஐயா, அணைப்பது விளக்கைத்தானே? மின்விசிறியை நிறுத்துகிறோம், விளக்கை அணைக்கிறோம். கருவி எதில் சேரும்?

இரவுப்பணி உதவி ஆசிரியர்

சுழல்வதை நிறுத்துகிறோம், ஒளிர்வதை அணைக்கிறோம். உங்கள் கருவியில் சுழல்வது ஏதாவது இருக்கிறதா? திரைதான் ஒளிர்கிறது. அணைக்கலாம்.

திரைச்சொல்

இன்னும் ஒன்று மிச்சம். தட்டில் பொருள் ஆடிக்கொண்டிருக்கும்போது எண் மாறிக்கொண்டே இருக்கும். அந்த எண்ணை அசையாமல் பிடித்து வைக்க ஒரு பொத்தான் உண்டு. அதற்கு ‘நிறுத்திவை’ என்று எழுதியிருக்கிறேன். இதிலும் வில்லங்கம் இருக்கிறதா?

இரவுப்பணி உதவி ஆசிரியர்

இருக்கிறது. ‘நிறுத்திவைத்தல்’ என்பது செய்தித் தமிழில் உறுதியான பொருளோடு உட்கார்ந்துவிட்ட சொல். தண்டனையை நிறுத்திவைத்தால் தண்டனை ரத்தாகவில்லை, இப்போதைக்கு நடக்காது என்று பொருள். சம்பளத்தை நிறுத்திவைத்தால் கைக்கு வராது, ஆனால் கணக்கில் இருக்கிறது. உங்கள் பொத்தானைப் பார்ப்பவர், எடை பார்க்கும் வேலையைத் தள்ளிப்போடுகிறது என்று நினைப்பார். அவர் பார்க்க விரும்புவதோ அந்த எண்ணை. ‘எண்ணைப் பிடி’ என்று எழுதினால் என்ன?

ஒற்றுப்பிழை

‘எண்ணைப் பிடி’ என்பதை எண்ணெய்ப் பிடி என்று வாசிக்க நாலு பேர் காத்திருப்பார்கள். ‘எடையைப் பிடித்துவை’ மேல்.

கோடைமழை

நான் ஏற்கெனவே எண்ணெய் என்றுதான் வாசித்தேன்.

திரைச்சொல்

நன்றி. இப்போதைய நிலவரம் இது. பச்சைப் பொத்தான் ‘எடை பார்’. சிவப்புப் பொத்தான் ‘நிறுத்து’ என்றே இருக்கிறது. பச்சையிலிருந்து அந்தச் சொல்லை எடுத்துவிட்டதால் இனி அதற்குப் போட்டி இல்லை. ‘பொருள் நிறுத்தப்பட்டது’ என்ற செய்தியே இல்லை, எண் மட்டும். எண்ணை அசையாமல் வைக்க ‘பிடித்துவை’. கையேட்டு வரி: ‘கருவியைச் சமதளத்தில் வைக்கவும். எடை பார்த்து முடித்ததும் கருவியை அணைக்கவும்.’

நேற்று அதே மனிதரிடம் கொடுத்தேன். மூட்டையை ஏற்றினார், பச்சையை அழுத்தினார், எண்ணைத் தாளில் குறித்துக்கொண்டார், இறக்கினார். என்னிடம் ஒன்றும் கேட்கவில்லை. மூன்றாவது மூட்டையின்போது ஏதோ நினைவு வந்து பாதியில் சிவப்பை அழுத்தினார், நின்றது. அதற்கும் ஒன்றும் சொல்லவில்லை.

வெற்றுப் பாத்திரத்தின் எடையைக் கழிக்கும் பொத்தான் மட்டும் பாக்கி. அதில் இப்போது ‘பாத்திரம் நீக்கு’ என்று இருக்கிறது. அவர் அதைப் படித்துவிட்டுப் பாத்திரத்தைத் தூக்கித் தரையில் வைத்துவிட்டார்.

ஓய்வுபெற்ற தமிழாசிரியை

சொன்னதைச் செய்திருக்கிறார், தம்பி. ‘பாத்திர எடை கழி’ என்று போடுங்கள்.