20 லட்சம் வாங்கினால் 43 லட்சம் கட்டணுமா?

மன்னார்குடிக்காரன்: வீட்டுக்கடன் 20 லட்சம், 20 வருஷம், ஃப்ளோட்டிங் (அவ்வப்போது மாறும்) வட்டி 9%, மாதத் தவணை 17,995. முதல் வருஷம் 2.16 லட்சம் கட்டியும் ஸ்டேட்மென்ட்டில் அசல் 37 ஆயிரம்தான் குறைந்திருக்கிறது. ஏமாற்றுகிறார்களா?

குடந்தைவாசி: இல்லை சார், கணக்கே அப்படித்தான். முதல் மாதம் 20 லட்சத்துக்கு வட்டியே 15,000, அசலுக்குப் போனது வெறும் 2,995. தவணையை 20,000 ஆக்கிப் பாருங்கள், இன்னும் பதினைந்து வருஷத்துக்குள் முடியும், 5 லட்சத்துக்கு மேல் மிச்சம்.

வலங்கைமான் அக்கா: தம்பி, நாங்கள் குறுவை அறுத்து நெல்லைக் கொள்முதல் நிலையத்தில் போட்டதும் வருகிற பணத்தில் ஒரு பங்கை நகைக்கடைப் பக்கம் போகவிடாமல் நேராக அசலில் கட்டிவிடுவோம். ஃப்ளோட்டிங் வீட்டுக்கடனை முன்கூட்டியே கட்டினால் அபராதம் கிடையாது, ரிசர்வ் வங்கி விதி. தவணை அப்படியே இருக்கட்டும், காலத்தைக் குறைத்துவிடுங்கள் என்று வங்கியில் எழுதிக் கொடுங்கள்.

மன்னார்குடிக்காரன்: சரிக்கா, திங்கட்கிழமையே போகிறேன். நகைக்கடை விஷயத்தை மட்டும் வீட்டில் நீங்களே சொல்லுங்கள்.