பறவைப் பெயர் வைத்தவர்கள் வாருங்கள், உங்கள் கதையைச் சொல்லுங்கள்

கன்னங்குறிச்சி அம்மா:
மகளுக்குப் பூவை என்று பெயர் வைத்து நாலு வருஷம் ஆகிறது. "பூ மாதிரி இருக்கான்னு வெச்சீங்களா?" என்றுதான் எல்லோரும் கேட்கிறார்கள். பூவை என்றால் மைனா. நிகண்டுகளில் நாகணவாய்ப்புள் என்று வருமே, அதேதான். காயாம்பூவுக்கும் பூவை என்று பெயர், பெண்ணுக்கும் பெயர். ஒரு சொல்லுக்குள் இத்தனை இருந்ததில் மயங்கித்தான் வைத்தேன்.

அத்தைக்கு அப்போது மனசே ஒப்பவில்லை. "குப்பைமேட்டுல நடக்கறது தானே மைனா? மயில்னாவது வெச்சிருக்கலாம்" என்றார். நான் ஒன்றும் பேசவில்லை. பிள்ளை பிறந்த அந்தக் கோடையில் எங்கள் மாடிச் சுவர்ப் பொந்தில் ஒரு ஜோடி மைனா கூடு கட்டியது. ஆணும் பெண்ணுமாக மாறி மாறி அடைகாத்தன, பூச்சி கொண்டுவந்து ஊட்டின. பிள்ளையை மடியில் வைத்துக்கொண்டு அத்தைதான் நாள் முழுக்க அதைப் பார்த்துக்கொண்டிருப்பார். "அப்பனும் சேந்து வளர்க்குது பாரு" என்று ஒருநாள் சொன்னார். இப்போது அவருக்கு அவள் "பூவைக்கண்ணு".

ஒன்று சொல்ல வேண்டும். பிறப்புச் சான்றிதழில் முதலில் 'பூவிழி' என்று ஏற்றிவிட்டார்கள். திருத்த இரண்டு தடவை அலைந்தோம். அரிதான பெயர் என்றால் எழுத்தெழுத்தாகச் சரிபார்த்துவிட்டு வாங்குங்கள்.

அஸ்தம்பட்டி அப்பா:
எங்கள் வீட்டில் குயிலி. வேலு நாச்சியார் படையின் குயிலியை நினைத்து வைத்தது. "காக்கா கூட்டுல முட்டை போடுற பறவை பேரா?" என்று பெரியப்பா சங்கடப்பட்டார். அப்புறம்தான் இன்னொன்றும் தெரிந்தது, கூவுவது ஆண் குயிலாம். பெண் குயில் பழுப்பு நிறம், உடம்பெல்லாம் வெள்ளைப் புள்ளி. ஏற்காடு அடிவாரத்தில் ஓர் ஆலமரத்தில் பழம் தின்றுகொண்டிருந்த ஒன்றை மகளுக்குக் காட்டினேன். "கருப்பா இல்லியே, அழகா இருக்கேப்பா" என்றாள். வீட்டுக்கு வந்ததும் புள்ளி வைத்து ஒரு குயில் வரைந்தாள். அது இன்னும் சுவரில் இருக்கிறது.

ஏற்காட்டிலிருந்து:
எங்கள் பாட்டி தலைமுறையில் மயிலம்மா, கிளியம்மா, அன்னம்மா என்று தெருவுக்கு ஒருவர் இருந்தார்கள். புதுசாக ஒன்றும் இல்லை, திரும்பி வருகிறது, அவ்வளவுதான். ஆவணியில் எங்களுக்குப் பிள்ளை பிறக்கப் போகிறது. அன்றில் என்று வைக்க எனக்கு ஆசை. ஜோடி பிரிந்தால் உயிர் வாழாத பறவை என்பார்களே, அதை நினைத்து வீட்டில் தயங்குகிறார்கள். இந்தப் பெயர் வைத்தவர்கள் யாராவது இருக்கிறீர்களா?