புதிய மீனைத் தொட்டியில் விடும் முன் தனியே வைத்திருப்பது கட்டாயமா?

கேள்வி: கயல்_பெரம்பூர்

எங்கள் வீட்டு இரண்டடி மீன்தொட்டியில், ஏறக்குறைய 55 லிட்டர் தண்ணீரில், 6 மோலிகள் ஒன்றரை ஆண்டாக நலமாக இருந்தன. சென்ற மாதம் கொளத்தூர் வண்ணமீன் சந்தையில் மேலும் 2 மோலிகளை வாங்கி வந்து, கடைக்காரர் சொன்னபடியே பையை அரை மணி நேரம் மிதக்கவிட்டு, பிறகு பைத் தண்ணீரோடு தொட்டியில் ஊற்றினேன். எட்டாம் நாள் வால்களில் உப்புத் தூவியது போல வெண்புள்ளிகள் தெரிந்தன. மீன்கள் கூழாங்கற்களில் உடம்பை உரசிக்கொண்டே இருந்தன. மருந்து விட்டும் 4 மீன்கள் இறந்துவிட்டன. இப்போது ஹனி கௌராமி இரண்டு வேண்டும் என்று மகள் கேட்கிறாள். மிதக்கவிட்டதில்தான் பிழை செய்தேனா?

பதில்: தெளிநீர்

மிதக்கவிட்டதில் பிழையில்லை, ஆனால் அது வெப்பநிலையை மட்டுமே சமன்செய்யும். நோய் மீனின் உடலிலும் பைத் தண்ணீரிலும் வருகிறது. வெண்புள்ளி ஒட்டுண்ணி முதிர்ந்ததும் மீனை விட்டு உதிர்ந்து, தரையில் ஒட்டிக்கொண்டு நூற்றுக்கணக்கில் பெருகி, மீண்டும் மீனைத் தேடி நீந்துகிறது. அப்படி நீந்தும் வேளையில்தான் மருந்து அதைக் கொல்லும் என்பதால், புள்ளி மறைந்தவுடன் மருந்தை நிறுத்துவது ஆபத்து. ஆகவே தனித்தொட்டி கட்டாயம் என்றே சொல்வேன். 20 லிட்டர் பிளாஸ்டிக் டப் போதும். அதற்கான ஸ்பாஞ்ச் ஃபில்டரை இன்றே பெரிய தொட்டியில் போட்டு வையுங்கள். சில வாரங்களில் அதில் நன்மை செய்யும் பாக்டீரியா குடியேறிவிடும். கௌராமி துள்ளும், மூடி வேண்டும். ஒளிந்துகொள்ள ஒரு பிவிசி குழாய்த் துண்டு போடுங்கள். குறைந்தது 3 வாரம், இயன்றால் 4 வாரம் கவனியுங்கள். வலையையும் அழுக்கை உறிஞ்சி எடுக்கும் சைஃபன் குழாயையும் இரண்டு தொட்டிகளுக்கும் பொதுவாகப் பயன்படுத்தாதீர்கள்.

பதில்: மீன்காதலன்_72

மேலே சொன்னதோடு ஒன்றைச் சேர்க்கிறேன். நெடுநேரம் பைக்குள் இருந்த மீனின் மூச்சால் கரியமில வாயு சேர்ந்து பிஎச் (தண்ணீரின் அமில-கார அளவு) குறைந்திருக்கும்; அப்போது கழிவிலுள்ள அம்மோனியா அதிகம் தாக்காது. பையைத் திறந்ததும் வாயு வெளியேறி பிஎச் ஏறும்போதுதான் அது நஞ்சாகிறது. தொலைவிலிருந்து பார்சலில் வரும் மீனைத் திறந்த பையில் மணிக்கணக்கில் வைக்கக் கூடாது என்பது இதனால்தான். உங்களுக்குக் கொளத்தூர் பக்கம் என்பதால், 10 நிமிடத்திற்கு ஒரு முறை ஒரு டம்ளர் டப் தண்ணீரைப் பைக்குள் விட்டு, 40 நிமிடம் கழித்து மீனை மட்டும் வலையால் எடுத்து விடுங்கள். பைத் தண்ணீரைச் சாக்கடையில் ஊற்றுங்கள். அன்று விளக்கு வேண்டாம், தீனியும் வேண்டாம்.

கயல்_பெரம்பூர்

இருவருக்கும் நன்றி ஐயா. ஃபில்டரை இன்றே போட்டுவிட்டேன். மிஞ்சிய 4 மோலிகளில் புள்ளி மறைந்து 5 நாள்தான் ஆகிறது. கௌராமியை எப்போது வாங்கலாம்?

பதில்: தெளிநீர்

மருந்தைப் புட்டியில் குறித்துள்ள நாள்வரை முழுமையாக விடுங்கள். அதன்பின் ஒரு மாதம் எந்த மோலியும் கல்லில் உரசாமல் இருந்தால் வாங்குங்கள். மகளிடம் நாட்காட்டியில் தேதியைக் குறித்துக் கொடுங்கள். அவளே தினமும் பார்த்துச் சொல்வாள்.