ஒம்பதாவது படிக்கற புள்ளைய பேஸ்கட்பாலுக்காக வெளியூர் ஹாஸ்டல்ல சேத்தலாமுங்களா?

சோமனூர் தறிக்காரன்:

எல்லாருக்கும் வணக்கமுங்க. எனக்கு இந்த ஆட்டத்தப் பத்தி ஒண்ணுந் தெரியாது, கூலிக்குத் தறி ஓட்டறவன். என்ற பொம்பளப் புள்ள பக்கத்து அரசுப் பள்ளியில ஒம்பதாவது படிக்குது. உயரம் அஞ்சடி ஒம்பது அங்குலம். முன்னால கோ-கோ தான் ஆடிட்டிருந்துச்சு. உயரத்தப் பாத்துட்டு பி.இ.டி. டீச்சர் பேஸ்கட்பாலுக்கு இழுத்துட்டாங்க.

போன வருசம் குறுவட்டத்துல ஜெயிச்சாங்க. இந்த வருசம் மாவட்ட பைனல் வரைக்கும் போயி தோத்துட்டாங்க. அந்த பைனல்ல டீம் போட்ட 41 பாயிண்டுல 27 இது போட்டதுங்க. சொன்னா ஊர்ல நம்ப மாட்டேங்கறாங்க.

களத்துல இருக்கற பழைய கம்பத்துல, வெல்டிங் பட்டறைல சொல்லி ரிங் ஒண்ணு அடிச்சு மாட்டிக் குடுத்தேன். பத்தடி இருக்கோணும்னு அதுவே டேப்புப் புடிச்சு அளந்து, ரெண்டு தடவ கழட்டி மாட்ட வெச்சுது. ரிங்குக்கு வலை இல்ல. தறியில மிச்சமாகற பாவு நூல நாலஞ்சு புரியாத் திரிச்சு, ராத்திரி உக்காந்து அதுவே பின்னிக் கட்டிக்கிச்சு. தறி ஓடற சத்தத்துல பந்து தட்டறது அக்கம்பக்கத்துல யாருக்கும் கேக்கறதில்ல, அது ஒரு வசதி.

பைனல் முடிஞ்சதும் வெளியூர் தனியார் பள்ளிக் கோச் ஒருத்தர் வந்து பேசினாரு. பீஸு, ஹாஸ்டல், ஷூ எல்லாம் அவங்களே பாத்துக்குவாங்களாம். டி.சி. வாங்கிட்டு ஜூன்ல வந்து சேருங்கங்கறாரு. எங்கம்மா "வயசுப் புள்ளைய ஊரு விட்டு ஊரு அனுப்பறதா"ன்னு ஒரே புடியா நிக்குது. ஊட்டுக்காரிக்கு பத்தாவது பரிச்ச பயம். புள்ள எதும் பேச மாட்டேங்குது, ஷூ எப்பத் தருவாங்கன்னு மட்டும் கேட்டுச்சு.

இன்னொண்ணு, கொஞ்ச நாளா முழங்காலுக்குக் கீழ வலிக்குதுங்குது. தொட்டுப் பாத்தா எலும்பு புடைச்சாப்டி இருக்கு. அனுப்பலாமுங்களா, வேண்டாமுங்களா?

கோவை ஹூப்ஸ்:

யோசிக்கவே வேண்டாங்ண்ணா, அனுப்பி உடுங்க. மைக்கேல் ஜோர்டனையே அவரு ஸ்கூல் டீம்ல எடுக்கல. உங்க பொண்ணத் தேடி வந்து கேக்கறாங்க! கேரளாக்காரங்க கீது அன்னா ஜோஸ் 2011-ல அமெரிக்கா போயி டபிள்யூ.என்.பி.ஏ.ங்கற அந்த ஊரு பொம்பளைங்க லீக் டீமுங்களோட ட்ரையல்ஸ்லயே ஆடிட்டு வந்தாங்க. வாசல்ல வந்து நிக்கற சான்ஸ உடாதீங்க.

கோபி டீச்சர்:

நான் கோபி பக்கம் அரசுப் பள்ளியில உடற்கல்வி ஆசிரியையா இருந்து ஓய்வு பெற்றவ. கொஞ்சம் நீளமா எழுதறேன், பொறுத்துக்கங்க.

தம்பி, அந்த 27 பாயிண்டு எப்படி வந்துச்சுன்னு உங்க பொண்ணுகிட்டயே கேளுங்க. எனக்குப் பாக்காமலே தெரியுது. ரிங்குக்கு அடியில நின்னிருப்பா, மத்த புள்ளைங்க அவ தோளுக்கு வந்திருப்பாங்க. போட்ட பந்து வெளிய வந்தாலும் இவளே எடுத்து மறுபடி போட்டிருப்பா. குறுவட்டத்துக்கும் மாவட்டத்துக்கும் அது போதும். மாநில ஆட்டத்துல அந்த எடத்துல ஆறடிப் புள்ளைங்க நிக்கும். பொம்பளப் புள்ளைங்க பெரும்பாலும் இந்த வயசுக்குள்ள வளந்து முடிச்சிருவாங்க, உங்க பொண்ணு இன்னும் ஒண்ணு ரெண்டு அங்குலம் வளந்தா அதிகம். ஆக மாவட்டத்துல போஸ்ட் (ரிங்குக்கு அடியில நிக்கற எடம்) ஆடறவ, மேல போகப் போக கார்டா (வெளிய இருந்து பந்தைக் கொண்டு வந்து ஆட்டத்தை நடத்தறவளா) ஆடணும். அதுக்கு ரெண்டு கையிலயும் பந்தைத் தட்டிட்டு ஓடணும், தலை நிமிர்ந்து பாஸ் குடுக்கணும், 6.75 மீட்டர் மூணு பாயிண்டு கோட்டுக்கு வெளிய இருந்து போடணும். ரிங்குக்கு அடியிலயே நிறுத்தி வெச்ச புள்ளைக்கு இதுல ஒண்ணும் பழகாது.

அதனால கோச்சுகிட்ட மொதல்ல கேக்க வேண்டியது, "என்ற புள்ளைய எந்த எடத்துல ஆட வெப்பீங்க?" அவரு "போஸ்ட்"னு உடனே சொன்னா, அவருக்கு வேண்டியது வர்ற வருசக் கோப்பை. அவரைக் குத்தம் சொல்லல, அவரு வேலையும் அதுலதான் நிக்குது.

ஹூப்ஸ் தம்பி சொன்ன ஜோர்டன் கதையும் பாதிதான். பத்தாவது படிக்கறப்ப பெரிய டீம்ல அவருக்குப் பதிலா லீராய் ஸ்மித்துன்னு உயரமான பையனை எடுத்தாங்க. ஜோர்டனை வீட்டுக்கு அனுப்பல, ஜூனியர் டீம்ல போட்டாங்க, அங்க ஒரு வருசம் ஆடினாரு. உயரம் அதுக்கப்புறந்தான் வந்துச்சு, அதுக்குள்ள கை பழகிருச்சு. உங்க பொண்ணுக்கு உயரம் முதல்லயே வந்துருச்சு, கை இனிமேத்தான்.

ஹாஸ்டல் பத்தி. ராத்திரி புள்ளைங்களோட யார் தங்கறாங்க? வெளியூர் மேட்சுக்கு பெண் கோச்சோ டீச்சரோ கூடப் போறாங்களா? அடிபட்டு ஆட முடியாமப் போனா பிளஸ் டூ வரைக்கும் பீஸ் யாரு கட்டறது? இதெல்லாம் எழுத்துல வாங்குங்க. என்கிட்ட ஆடின ஒரு புள்ளைய இப்படித்தான் ஒரு பள்ளிக்கூடம் கூட்டிட்டுப் போச்சு. கணுக்கால்ல லிகமெண்ட் போனதும் பாதி வருசத்துல பீஸ் கேட்டு நோட்டீஸ். அவங்கப்பா ஆட்டை வித்துக் கட்டினாரு.

என் யோசனை: பத்தாவது இங்கயே முடிக்கட்டும். அரசு விளையாட்டு விடுதிகளுக்கு (எஸ்.டி.ஏ.டி.) பதினொண்ணாவதுக்கும் ட்ரையல்ஸ் வெக்கறாங்க, அதுக்குத் தயார் பண்ணுங்க. கோவை பி.எஸ்.ஜி. டெக் காலேஜ் உள்ளரங்கத்துல ஆல் இண்டியா போட்டி நடக்கறப்ப கூட்டிட்டுப் போயி, பந்து போடறவங்களப் பாக்காம கார்டுங்களோட காலை மட்டும் பாக்கச் சொல்லுங்க. வீட்டுல இருக்கறது 6-ம் நம்பர் பந்தான்னும் பாருங்க. பெண்களுக்கு அதுதான், கடைக்காரங்க 7-ஐத் தலையில கட்டிருவாங்க.

உங்கம்மாகிட்ட ஒண்ணு சொல்லுங்க. நம்ம தமிழ்நாட்டுப் பொண்ணு அனிதா பால்துரை இந்தியா டீமுக்கே கேப்டனா இருந்தவங்க, 2021-ல பத்மஸ்ரீ வாங்கினாங்க. அவ்வளவு தூரம் போகாட்டியும், இன்ஜினியரிங்ல விளையாட்டு ஒதுக்கீட்டுக்கு 500 சீட்டு இருக்கு, அரசு வேலையில 3 சதவீதம் இருக்கு. சர்டிபிகேட்டை மட்டும் லேமினேஷன் பண்ணிடாதீங்க, சரிபாக்கறப்ப தொந்தரவு.

பாவு நூல்ல வலை பின்னினவளை எனக்கு ரொம்பப் புடிச்சுப்போச்சு.

ஈரோடு பிசியோ:

முழங்காலைப் பத்தி மட்டும் சொல்றேன். வளர்ற வயசுல நிறையக் குதிக்கற புள்ளைங்களுக்கு, முட்டிச் சில்லுக்குக் கீழ தசைநார் எலும்போட சேர்ற எடத்துல இப்படி வலிச்சுப் புடைக்கறது சகஜம். ஆஸ்குட் ஸ்க்லாட்டர்னு பேரு, எலும்பு வளந்து முடிஞ்சா பெரும்பாலும் தானா அடங்கிரும். ஆனா பாக்காம உறுதி சொல்ல முடியாது, எலும்பு டாக்டர்கிட்ட ஒருக்கா காட்டிருங்க. ராத்திரி தூக்கத்துல வலிச்சாலோ நொண்டினாலோ தள்ளிப் போடாதீங்க. அதுவரைக்கும் சிமெண்டுத் தரையில குதிக்கறதக் குறைச்சு, ஆடி முடிச்சதும் ஐஸ் ஒத்தடம் குடுங்க. எண்ணெய் போட்டு நீவி உட்டு இழுக்கறவங்ககிட்ட தயவுசெஞ்சு கூட்டிட்டுப் போயிராதீங்க.

கோவை ஹூப்ஸ்:

டீச்சர், லீராய் ஸ்மித் மேட்டர் எனக்குப் புதுசுங்க. இருந்தாலும் பத்தாவது முடியற வரைக்கும் இங்க யாருகிட்ட பழகும் அந்தப் புள்ள? அதுக்கு வழி சொல்லுங்க.

சோமனூர் தறிக்காரன்:

எல்லாருக்கும் ரொம்ப நன்றிங்க. கோச்சுக்கு போன் போட்டேன். எந்த எடத்துல ஆட வெப்பீங்கன்னு கேட்டதும், "இந்த ஹைட்டுக்கு வேற எங்கீங்க, போஸ்ட் தான்"னாரு. எழுத்துல கேட்டதுக்கு மேனேஜ்மெண்டக் கேட்டுச் சொல்றேன்னு வெச்சுட்டாரு, இன்னும் கூப்புடல.

புள்ளைகிட்ட கார்டு சமாச்சாரத்தச் சொன்னேன். "அதத்தானுங்கப்பா எங்க டீச்சரும் சொல்றாங்க, நாந்தான் பந்து பறிபோயிருமோன்னு பயந்துட்டு அடியிலயே நிக்கறேன்"னுது. இப்ப எடது கையில தட்டிப் பழகுது, பந்து பாதி நேரம் தறிக்குடோனுக்குள்ளதான் கெடக்குது. அதுவும் 7-ம் நம்பர்தானுங்க, மாத்தோணும்.

திங்கக்கிழமை டாக்டர்கிட்டப் போறோம். மே லீவுக்கு கோயமுத்தூர்ல புள்ளைங்களுக்கு கேம்ப் வெக்கறவங்க யாராச்சு இருந்தாச் சொல்லுங்க. சோமனூர்ல இருந்து காலைல பஸ்ல வந்துட்டு மத்தியானத்துக்குள்ள திரும்பறாப்பல இருந்தா எங்கம்மாவச் சமாளிச்சுருவேன்.